மணல் குழிக்கு மேல் கறுப்பு டைல்ஸ்

“நான் அடிக்க மாட்டேன் பாய். வேணும்னா நீங்க அடிங்க.”

அய்யனார் சுத்தியலைக் கீழே வைத்துவிட்டுத் தலைத்துண்டை அவிழ்த்து முகத்தைத் துடைத்தான். அவனைச் சுற்றிக் கறுப்பு டைல்ஸ் சில்லுச் சில்லாகக் கிடந்தது. எல்லாம் காலையிலிருந்து அவன் உடைத்தது. நடுவில் நான்கு கற்கள் மட்டும் பாக்கி. இரண்டுக்கு இரண்டாகப் பதித்தவை. நான்கும் சேர்ந்தால் ஒரு பெண்ணின் முகம்.

“படம்தானலே, அடி,” என்றார் நூர் அகமது.

“படம்னா என்ன? கண்ணு முழிச்சுப் பாக்குதுல்ல. பிள்ளகுட்டிக்காரன் பாய் நானு.”

நூர் அகமது சட்டைக் கையை மடக்கிவிட்டுக்கொண்டு சுத்தியலை எடுத்தார். அறுபத்தாறு வயதுக்கு நல்ல தெம்புதான். இடது கண்ணுக்கு நேராக ஓங்கினார். இடது கண் அவரைப் பார்த்தது. கொஞ்சம் நகர்ந்து தாடைக்கு நேராக ஓங்கினார். தாடையும் அவளுடையதுதானே. சுத்தியலை மெல்ல இறக்கிக் கல்லில் டொக்கென்று ஒரு தட்டுத் தட்டினார்.

“சும்மா, பிடிமானம் எப்படி இருக்குன்னு பாத்தேன்,” என்றார்.

வேப்பமரத்தடியில் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்த பெருமாள்சாமி இளநீரை உறிஞ்சுவதை நிறுத்தினார். “பாத்தாச்சா? பிடிமானம் நல்லா இருக்கா? அப்ப நாளைக்கு வாரவங்கள வரிசையா கூப்பிட்டு அதையே காட்டு. நூர் பாயி பிடிமானம்.”

நூர் அகமது சுத்தியலைக் கீழே வைத்தார். மறுநாள் திறப்பு விழா. திறந்துவைக்க வேண்டியவள் காலையில் இந்த இடத்தில் நின்று, வரமாட்டேன் என்று சொல்லிவிட்டுப் போயிருந்தாள். அவள் முகம்தான் தரையில் கிடந்தது.

செபாஸ்தியம்மாள் நீளம் தாண்டியவள். ஊரில் பிறந்து, இந்தக் கிணற்றடிப் பள்ளிக்கூடத்தில் எட்டாவது வரை படித்து, இங்கே இருந்த மணல் குழியில் தாண்டப் பழகி, பிறகு மதுரை, சென்னை என்று போய் ஆசியப் போட்டியில் பதக்கம் வாங்கியவள். ரயில்வேயில் வேலை கிடைத்துச் சென்னையோடு போய்விட்டாள். திண்டுக்கல்லில் யாராவது வாய்க்காலைத் தாண்டினால்கூட, ‘பெரிய செபாஸ்தி!’ என்று சொல்வது வழக்கம். அவள் பெயர் அப்படி ஊருக்குள் புழங்கியது.

பள்ளிக்கூடத்துக்குப் புதுக் கட்டடம் வந்தபோது பிள்ளைகள் அடுத்த தெருவுக்குப் போய்விட்டார்கள். சுண்ணாம்புச் சுவரும் தேக்கு உத்தரமுமாக நூறு வருஷம் தாண்டிய பழைய கட்டடம் காலியானது. இடித்துவிடுவார்கள் என்ற பேச்சு அடிபட்டதும் பழைய மாணவர்கள் கமிட்டி போட்டார்கள். தலைவர் பெருமாள்சாமி. செம்பட்டிப் பக்கம் தென்னந்தோப்பு வைத்திருப்பவர். பள்ளிக்கூடத்தைச் செபாஸ்தியின் மியூசியமாக்குவது என்று முடிவாயிற்று. அவளிடம் போனில் கேட்டார்கள். பதக்கம், படம், ஷூ எல்லாம் தருகிறேன் என்றாள். ஒன்றே ஒன்று சொன்னாள்.

“குழியை மட்டும் பாத்துக்கங்க. புதுப் பள்ளிக்கூடத்துல மைதானமே கெடையாதாமே. தெருப் பிள்ளைக வந்து குதிக்கட்டும். அதுக்குத்தான் நான் சரிங்கறேன்.”

“நான் பாத்துக்கறேன்,” என்று முந்திக்கொண்டு சொன்னவர் கமிட்டியில் இருந்த நூர் அகமது. அன்றைக்கே எல்லோரும் சுதாரித்திருக்க வேண்டும்.

ஏனென்றால் நூர் அகமது ஒன்றைப் பார்த்துக்கொள்கிறார் என்றால் அதற்கு டைல்ஸ் ஒட்டிவிடுவார்.

அவருடைய அத்தா இஷாக் தோல்ஷாப்பில் வேலை பார்த்தவர். உப்புத் தோலைத் தண்ணீரில் அலசி, சுண்ணாம்புத் தொட்டியில் போட்டு எடுத்து, காலம் முழுக்க ஈரத்தில் நின்றே கால் வெளுத்துப்போன மனிதர். வீடும் ஈரம்தான். மண் தரை. ஐப்பசி மழையில் பாய்க்கு அடியில் தண்ணீர் ஊறும். நூர் அகமது எட்டாவது முடித்ததும் மொசைக் போடுகிற மேஸ்திரியிடம் சேர்ந்தார். கல் சீவுகிற மெஷினைத் தள்ளித் தள்ளித் தோள் இறுகியது. ஒரு செட்டியார் வீட்டுக் கூடத்தை நாலு நாள் சீவி மெழுகு போட்டுத் துடைத்தபோது தரையில் தன் முகம் தெரிந்ததாம். காய்ந்த தரையில் முகம் தெரிவதற்கு மேல் இந்த உலகத்தில் ஒருவனுக்கு என்ன வேண்டும் என்று அப்போது தோன்றியதாகச் சொல்வார்.

மொசைக் போய் டைல்ஸ் வந்தது. அவரும் கடை வைத்தார். முதல் வேலையாக அத்தாவின் மண் தரைக்குச் சந்தன நிற டைல்ஸ் ஒட்டினார். இஷாக் ஒரு வாரம் அதில் கால் வைக்காமல் வாசலிலேயே உட்கார்ந்திருந்தார், அழுக்காகிவிடும் என்று. பிறகு சுவருக்கு ஒட்டினார். மனைவி ஷரீஃபாவின் அடுப்படிக்கு உத்தரம் வரைக்கும் ஒட்டினார். தண்ணீர்த் தொட்டி, மாடிப்படி, துணி துவைக்கிற கல், வாசலில் வேப்பங்கன்றைச் சுற்றி ஒரு வட்டம். தெரு அடிபம்பைச் சுற்றிக் கூட ஒட்டினார். அதில் வழுக்கி விழுந்தவர்கள் குடத்தைத் திட்டினார்களே ஒழிய டைல்ஸைத் திட்டவில்லை. அம்புட்டு அழகு.

“இவருகிட்ட ஆட்டை ஓட்டிட்டு வந்துராதீக,” என்பாள் ஷரீஃபா. “ரெண்டு பக்கமும் அளவெடுத்துருவாரு.”

அத்தா மௌத்தானபோது அவரை அடக்கம் செய்த கபுருக்கு ஓரம் கட்டி ஒரு வரிசை வெள்ளை டைல்ஸ் ஒட்ட அனுமதி கேட்டார். ஜமாஅத்தில் கூடாது என்றுவிட்டார்கள். நம்ம கபுருக்கு மண்ணுதான் அழகு, போ நூரு, என்றார் தலைவர். மூன்று மாதம் யாரோடும் சரியாகப் பேசாமல் திரிந்தார். அவர் கேட்டு ஒட்டக் கிடைக்காத ஒரே இடம் அதுதான்.

மியூசியத்திலும் கிட்டத்தட்ட அப்படித்தான் ஆயிற்று. உள்ளே ஒரு கல்லையும் மாற்றக் கூடாது, பழைய தரை பழைய தரையாகவே இருக்கணும் என்று கட்டடத்தைப் பார்த்த இன்ஜினியர் சொல்லிவிட்டார். நூர் அகமது அறை அறையாகப் போய் வெடித்த சிமெண்டுத் தரையைப் பார்த்துப் பெருமூச்சு விட்டார். அந்த ஆற்றாமை முழுக்கக் குழியின் மேல் இறங்கியது. பெருமாள்சாமிக்குத் தேங்காய் வெட்டு. பதினைந்து நாளாக அவர் இந்தப் பக்கமே வரவில்லை. நூர் அகமது குழியை மறைத்துச் சுற்றிலும் படுதா கட்டினார். கடையிலேயே உசத்தியான கறுப்புக் கல்லை இறக்கினார். அவளுடைய பழைய பத்திரிகைப் படத்தைக் குஜராத்துக்கு அனுப்பி, நான்கு கல்லில் அச்சடித்து வரவழைத்தார். முகத்தை யாரும் மிதித்துவிடக் கூடாது என்பதற்காகச் சுற்றி எவர்சில்வர் கிரில். முகத்துக்குக் கீழே பெயர். பெயருக்குக் கீழே பிறந்த வருஷம். வருஷத்துக்குப் பக்கத்தில் கொஞ்சம் இடம் மொட்டையாக இருந்ததால் ஒரு கோடு.

காலையில் செபாஸ்தியம்மாள் தம்பி மகள் டெய்சியின் ஸ்கூட்டியில் வந்து இறங்கினாள். நல்ல உயரம், நல்ல கறுப்பு, ஒட்ட வெட்டிய வெள்ளை முடி. முழங்காலில் ஆபரேஷன் ஆகியிருந்ததால் விந்தி விந்தி நடந்தாள். உள்ளே எல்லாம் பார்த்தாள். ஐந்தாம் வகுப்பு அறையில் ஜன்னல் கம்பியைப் பிடித்து ஆட்டி, “இன்னும் ஆடுதுடி,” என்று டெய்சியிடம் சிரித்தாள். ரொம்பச் சந்தோஷமாக இருந்தாள். அந்தச் சந்தோஷத்தோடுதான் பின்பக்கம் வந்தாள். நூர் அகமது தன் கையாலேயே படுதாவை இழுத்தார்.

பெருமாள்சாமியும் அப்போதுதான் பார்த்தார். கறுப்புக் கல் மேடை. சுற்றிக் கிரில். நடுவில் படம், பெயர், வருஷம், கோடு. அவருக்குச் சட்டென்று புரிந்துவிட்டது. வாயைப் பொத்திக்கொண்டார்.

செபாஸ்தியம்மாள் குனிந்து கோட்டை உற்றுப் பார்த்தாள்.

“என்னைய உயிரோட பொதைச்சுட்டியேலே நூரு,” என்றாள்.

நூர் அகமது புகழ்ச்சி என்று நினைத்துச் சிரித்தார்.

“அந்தக் கோட்டுக்கு அந்தப் பக்கம் என்ன எழுதப் போறே?”

“அது அழகுக்குப் போட்டது.”

“கல்லறைத் தோட்டத்துல எங்க அப்பாவுக்கும் இப்படித்தான் கட்டியிருக்கோம். இம்புட்டுச் செலவு பண்ணல.” அவள் குரல் உயரவில்லை. “தெருப் பிள்ளைக எங்கலே குதிக்கும்? எம் மூஞ்சி மேலயா?”

நூர் அகமதுவுக்கு அப்போதுதான் கல்லறை என்ற நினைப்பே வந்தது. மண்ணைத் தவிர வேறெதுவும் இல்லாத கபுர்களைப் பார்த்து வளர்ந்தவர். கறுப்புக் கல்லும் படமும் சேர்ந்தால் அது செத்தவர்களுக்கு என்று அவருடைய மனசில் யாரும் எழுதி வைக்கவில்லை.

“நாளைக்கு நான் வரல,” என்று சொல்லிவிட்டு அவள் ஸ்கூட்டியில் ஏறிவிட்டாள். “சாயங்காலம் ரயிலுக்குப் போறேன். நீங்களே தெறந்துக்கங்க. மாலையும் ஒண்ணு வாங்கிப் போட்டுருங்க.”

அவள் போன பிறகு பெருமாள்சாமி இடுப்பைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். சிரித்து முடித்ததும், கமிட்டித் தலைவர் தான்தான் என்பது நினைவுக்கு வர, முகம் சுண்டியது.

“உனக்குத் தெரியாதாலே?” என்று நூர் அகமது அய்யனாரைப் பிடித்தார்.

“தெரியும் பாய். கோடு போடயிலேயே தெரிஞ்சுது.”

“சொல்றதுக்கென்ன?”

“சொன்னா கேப்பீங்களா? கோட்டுக்குத் தங்கக் கலர் அடிக்கச் சொன்னீங்க.”

நூர் அகமது கிரில்லைப் பிடித்துக்கொண்டு நின்றார். ஊரே எதிர்பார்க்கிறது. அவள் வராமல் போனால் அதற்குக் காரணம் தன்னுடைய டைல்ஸ். ஒரு டைல்ஸால் யாருக்காவது மனசு வருந்தும் என்று இத்தனை வருஷத்தில் அவருக்குத் தோன்றியதே இல்லை.

“ஒடைச்சிரு,” என்றார்.

பெருமாள்சாமி எழுந்தே விட்டார். நூர் அகமது ஒட்டிய கல்லை நூர் அகமதுவே உடைக்கச் சொல்லி யாரும் கேட்டதில்லை. நாற்பது வருஷத்தில் அவர் ஒட்டிய கல் ஒன்றுகூடத் தானாகப் பெயர்ந்ததும் இல்லை. அதுதான் இப்போது வம்பாகிவிட்டது. முழுசாகப் பெயர்த்து எடுத்துவிடலாம் என்றால் ஒரு கல்லும் நகரவில்லை. தூள் தூளாகத்தான் வந்தது. அய்யனார் கிரில்லை அறுத்து, ஓரத்திலிருந்து உடைத்துக்கொண்டே வந்து, நடுப்பகல் தாண்டி முகத்துக்கு வந்து நின்றுவிட்டான்.

“நீ அடி பெருமாளு,” என்றார் நூர் அகமது.

“நானா? எட்டாப்புல இவ என்னையச் செவுத்துல சாத்தி வச்சு அறைஞ்சவ. நான் மாட்டேம்ப்பா.”

“அவளையே கூட்டியாரேன்.”

“வந்து உன்னைய அடிக்கட்டும். நான் பாத்துக்கிட்டு இருக்கேன்.”

நூர் அகமது நடந்தே போனார். டெய்சி வீடு அதே தெருவின் கடைசியில். செபாஸ்தியம்மாள் ஒரு காலை ஸ்டூலில் நீட்டி, முழங்காலில் வெந்நீர்ப் பை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். பக்கத்தில் கட்டிய பெட்டி. நூர் அகமது வாசற்படியிலேயே நின்றார். சட்டையெல்லாம் வெள்ளைப் புழுதி.

“உள்ள வா.”

“வரல. வேலை கெடக்கு.”

“என்ன வேலை? படிக்கட்டுக்கும் கறுப்புக் கல்லா?”

“ஒடைச்சாச்சு.”

அவள் நிமிர்ந்து பார்த்தாள். “எதை?”

“எல்லாத்தையும்.”

“நீயா ஒடைச்சே?”

“அய்யனார் ஒடைச்சான். நான் பாத்துக்கிட்டு நின்னேன். அதுவே போதும்னு ஆகிருச்சு.” சட்டைப் புழுதியைத் தட்டினார். “உன் மூஞ்சி மட்டும் பாக்கி. ஒருத்தனும் அடிக்க மாட்டேங்கறான்.”

“ஏனாம்?”

“உன்னைய அடிக்க எவனுக்கு மனசு வரும்?”

“கணக்கு வாத்தியாருக்குத் தெனமும் வந்துச்சே.”

“அவரு இப்ப இல்லையே. இருந்தா அவரையே கூப்பிட்டிருப்பேன். நீயே வந்து ரெண்டு தட்டுத் தட்டிக் கொடுத்துரு செபாஸ்தி. புண்ணியமாப் போகும்.”

உள்ளே அடுப்படியில் டெய்சிக்குத்தான் முதலில் சிரிப்பு வந்தது. கரண்டி கீழே விழுகிற சத்தம் கேட்டது. செபாஸ்தியம்மாள் சிரிக்காமல் இருக்கப் பார்த்தாள். மூக்கு விடைத்தது. பிறகு அடக்க முடியவில்லை. வெந்நீர்ப் பை சரிந்து தரையில் விழுகிற அளவுக்குச் சிரித்தாள்.

“வண்டிய எடுடி,” என்றாள் டெய்சியிடம். “எம் மூஞ்சிய ஒடைச்சுட்டு வருவோம்.”

சில்லுகளுக்கு நடுவே முகத்தை அவள் அப்போதுதான் நிதானமாகப் பார்த்தாள். காலையில் கோட்டைப் பார்த்த கோபத்தில் முகத்தைப் பார்க்கவில்லை. குனிந்து பார்த்தாள். தலையைச் சாய்த்துப் பார்த்தாள்.

“இது யாருலே?”

“நீதான்.”

“நானா? இம்புட்டுச் செவப்பா எங்க வம்சத்துலயே எவளும் கெடையாது. உதட்டுல என்ன சாயம்? ஆசியாவுல ஓடி வந்து தாண்டுறவ உதட்டுச் சாயம் பூசிக்கிட்டா வருவா?”

“செவப்பா இருந்தா கறுப்புக் கல்லுல எடுப்பா இருக்கும்னு அவனே போட்டிருக்கான்,” என்றார் நூர் அகமது. “நான் சொல்லல.”

“பாத்துட்டுச் சும்மாதானே இருந்தே?”

“நல்லாத்தான் இருந்துச்சு.”

“நல்லாத்தான் இருக்கு. யாரு பெத்த மகளோ. கொடு சுத்தியல.”

டெய்சி தோளைப் பிடித்துக்கொள்ள, அவள் நல்ல காலை முன்னால் ஊன்றி நின்று, மூக்கில் ஒரே போடு போட்டாள். நான்கு கல்லும் சேருகிற இடம் அது. விரிசல் நான்கு பக்கமும் ஓடியது. இன்னும் இரண்டு அடி. செவத்த பொம்பளை போய்விட்டாள். பெருமாள்சாமி விசில் அடித்தார். அய்யனார் கையெடுத்துக் கும்பிட்டுவிட்டுக் காங்கிரீட்டை உடைக்க மெஷினைப் போட்டான்.

மெஷின் சத்தத்துக்கு நடுவில்தான் நூர் அகமதுவுக்கு அடுத்த இடி இறங்கியது. தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டார்.

“என்ன பாய்?” என்றார் பெருமாள்சாமி.

“மணலு. குழியில இருந்த மணலையெல்லாம் அள்ளிட்டுக் கிராவல் போட்டு இறுக்கச் சொன்னேன். இப்ப ஆத்து மணலுக்கு எங்க போறது? பொழுதுக்குள்ள எவன் தருவான்? எம்சாண்டு போட்டா பிள்ளைக முட்டி தேஞ்சு போகும். அது கண்ணாடித் தூள் மாதிரி.”

செபாஸ்தியம்மாள் சுத்தியலைக் கீழே வைத்தாள். சிரிப்பு நின்றுபோயிருந்தது. “குழின்னா மணல்தானலே,” என்றாள். “அதுவும் இல்லையா?”

அய்யனார் மெஷினை நிறுத்திவிட்டுப் பிடரியைச் சொறிந்தான்.

“பாய். அள்ளல.”

“என்னலே அள்ளல?”

“மணலைத்தான். நீங்க சொன்ன அன்னிக்கு எனக்கு இடுப்புப் பிடிச்சுக்கிச்சு. மேலாக நெரவி விட்டு, பிளாஸ்டிக் ஷீட்டை விரிச்சு, அதுக்கு மேல காங்கிரீட்டைப் போட்டுட்டேன். மணலு கீழ அப்படியே கெடக்கு.”

நூர் அகமது எழுந்தார். முகம் சிவந்தது. “மணலுக்கு மேலயாலே கல்லைப் பதிக்க விட்டே? கிராவல் இல்லாம? ரெண்டு வருஷத்துல ஒரு பக்கமா எறங்கிருக்குமேடா! எம் பேரு என்னத்துக்கு ஆகும்? நாற்பது வருஷத்துல நான் போட்ட தரை ஒரு நூலு எறங்குனதில்ல. பாவி, உன்னைய…”

பேசிக்கொண்டே வந்தவர் பாதியில் நின்றார். அவர் சொன்னது அவருக்கே அப்போதுதான் காதில் விழுந்தது.

“கீழ அப்படியே கெடக்கா?”

“அப்படியேதான் பாய்.”

நூர் அகமது அவனை அடிக்கப் போனாரா கட்டிக்கொள்ளப் போனாரா என்று பெருமாள்சாமிக்குக் கடைசிவரை தெரியவில்லை. இரண்டும் சேர்ந்த ஒரு காரியம் நடந்தது. அய்யனாரின் சட்டைப் பொத்தான் ஒன்று தெறித்தது.

காங்கிரீட் பாளம் பாளமாகப் பெயர்ந்தது. ஷீட்டைச் சுருட்டி இழுத்தார்கள். மணல் வெளியே வந்தது. குடகனாற்று மணல். ஐம்பது அறுபது வருஷத்துக்கு முன்னால் மாட்டு வண்டியில் வந்து கொட்டியது. கொஞ்சம் ஈரமாக, வேப்பிலைச் சருகு கலந்து கிடந்தது. செபாஸ்தியம்மாள் செருப்பைக் கழற்றினாள். குழி ஓரத்தில் உட்கார்ந்து, ஆபரேஷன் ஆன காலையும் ஆகாத காலையும் மணலில் புதைத்துக்கொண்டாள். விரல்களை ஆட்டினாள்.

பிறகு தலையைத் தூக்கி நூர் அகமதுவிடம், “என்னலே சும்மா நிக்கிறே? கெளறு,” என்றாள்.

நூர் அகமது மண்வெட்டியை எடுத்தார். ஆறாவதிலிருந்து எட்டாவது வரை அதுதான் அவருடைய வேலை. அவள் தாண்டித் தாண்டி இறுகிப்போகிற மணலைக் கிளறிவிடுவது. முடிச்சுப் போட்ட கயிற்றில் தூரம் அளப்பது பெருமாள்சாமியின் வேலை. இரண்டு பேரையும் எந்த ஆட்டத்துக்கும் யாரும் சேர்த்துக்கொள்ளாததால் கிடைத்த உத்தியோகங்கள்.

பள்ளிக்கூடம் விட்டு வந்த பிள்ளைகள் மெஷின் சத்தம் கேட்டு உள்ளே எட்டிப் பார்த்தார்கள். முஹ்சினா என்று ஒருத்தி, ஜீவிதா என்று ஒருத்தி. இரண்டு பேரும் ஆறாவது. பையை மரத்தடியில் போட்டார்கள்.

“தாண்டலாமா பாட்டி?”

“பாட்டியா? எவடி பாட்டி? ஓடி வா பாப்போம். பலகையப் பாக்காதே, வானத்தப் பாரு.”

முஹ்சினா வானத்தைப் பார்த்து ஓடி வந்து, குழிக்கு முன்னால் காலூன்றி எகிற வேண்டிய பலகையைத் தாண்டி ஒரு முழம் போய் எகிறினாள். “ஃபவுல்!” என்று பெருமாள்சாமி தெருக்கோடி வரை கேட்கக் கத்தினார். ஜீவிதா சரியாக மிதித்துத் தாண்டினாள். முகம் முழுக்க மணலோடு எழுந்து, இன்னொரு தடவை என்றாள். கொஞ்ச நேரத்தில் பத்துப் பன்னிரண்டு பிள்ளைகள் சேர்ந்துவிட்டார்கள். நூர் அகமதுவுக்குக் கிளறி மாளவில்லை.

ஷரீஃபா டீயும் ஒரு தூக்கு வாளி நிறைய உளுந்த வடையுமாக வந்தாள். உடைந்து குவிந்து கிடந்த கறுப்புக் கல்லைப் பார்த்தாள். புருஷனைப் பார்த்தாள்.

“ஏங்க, நெசமாவே நீங்கதான் ஒடைக்கச் சொன்னீகளா?”

“ஆமா.”

“அப்படியே வீட்டுக்கு வந்து அடுப்படியையும் ஒடைச்சு விட்டுருங்க. வழுக்கி வழுக்கியே எம் பாதி ஆயுசு போச்சு.”

“அடுப்படிய ஏன் ஷரீஃபா இழுக்கற?”

“இவரு இந்தக் குழியில என்னைக்காவது தாண்டியிருக்காராக்கா?” என்று செபாஸ்தியம்மாளிடம் கேட்டாள்.

“தாண்டவா? கெளறுவான். நல்லாக் கெளறுவான்.”

“இன்னிக்குத் தாண்டட்டும். சுத்திலும் கல்லு இல்லாம மண்ணு இருக்கற எடம் இந்த ஊருல இவரு கண்ணுல படுறதே அபூர்வம்.”

பிள்ளைகள் கைதட்டத் தொடங்கிவிட்டார்கள். “டைல்ஸ் நன்னா! டைல்ஸ் நன்னா!” அந்தத் தெருவில் தாத்தாவை நன்னா என்றுதான் கூப்பிடுவார்கள். நூர் அகமது மண்வெட்டியை அய்யனாரிடம் கொடுத்தார். கைலியை மடித்துக் கட்டினார். கிணற்றடி வரை பின்னால் போனார். அங்கிருந்து நடையும் இல்லாமல் ஓட்டமும் இல்லாமல் வந்தார். பலகையை மிதித்தாரா என்பதில் பெருமாள்சாமிக்கும் அய்யனாருக்கும் இன்றுவரை தகராறு. ஆனால் தரையை விட்டு இரண்டு காலும் கிளம்பியதை எல்லோரும் பார்த்தார்கள். பொத்தென்று உட்கார்ந்த வாக்கில் மணலில் விழுந்தார்.

“அளலே பெருமாளு!” என்றாள் செபாஸ்தியம்மாள்.

“இதுக்குக் கயிறு எதுக்கு? சாண் போதும்.”

நூர் அகமது எழுந்திருக்கவில்லை. உள்ளங்கையால் மணலைத் தடவிக்கொண்டிருந்தார். “மெத்துனு இருக்கு செபாஸ்தி,” என்றார். “எனக்குத் தெரியாமப் போச்சு.”

“பெட்டிய அவுத்து வையிடி,” என்றாள் செபாஸ்தியம்மாள், டெய்சியிடம்.

மறுநாள் காலை திறப்பு விழா நடந்தது. சிறப்பு விருந்தினர் ஒன்றரை மணி நேரம் தாமதமாக வந்தார். செபாஸ்தியம்மாள் ரிப்பன் வெட்டினாள். கத்தரிக்கோல் மொட்டையாக இருந்ததால் டெய்சி பக்கத்துத் தையல் கடையில் வேறு வாங்கி வந்தாள். பெருமாள்சாமி வரவேற்புரையில் இரண்டு பேர் பெயரை விட்டுவிட்டார். வந்தவர்களுக்கு லெமன் சாதமும் தயிர்ச் சாதமும் கொடுத்தார்கள். தயிர்ச் சாதம் முதலில் தீர்ந்தது. அய்யனார் வரவில்லை, அவனுக்கு மறுபடி இடுப்புப் பிடித்துக்கொண்டது. பிற்பகலில் நூர் அகமது கடையைத் திறந்தார். நிலக்கோட்டையிலிருந்து பூ வியாபாரி ஒருவர் மனைவியோடு வந்து குளியலறைக்குக் கல் பார்த்தார். நீலம் எடுப்பதா சாம்பல் நிறம் எடுப்பதா என்று அவர்களுக்குள் முடிவாகவில்லை. யோசித்துவிட்டு அடுத்த வாரம் வருவதாகச் சொல்லிப் பஸ்ஸுக்குப் போனார்கள்.